குரலை ஒதுக்கி வைத்த பாடகர்



இந்த மாதம் இசைச் சிறப்பிதழ் என்று முன்பே சொல்லியிருந்தோம். அதைப் பார்த்துவிட்டு எழுதியவர்களில் பலர் இளையராஜாவைக் கேட்டிருந்தீர்கள். அதே அளவுக்கு ரஹ்மானையும் கேட்டிருந்தீர்கள். இருவருக்கும் உள்ளே தாராளமாக இடம் இருக்கிறது. ஆனால் இந்த ஒரு பக்கம் ஆசிரியனுக்கு விட்டது. அந்த உரிமையில், நம்மில் பலர் பெயர் தெரியாமலே கேட்டிருக்கும் ஒரு மனிதரை இங்கே கூட்டி வருகிறேன்.

'மோட்டார் சைக்கிள் டைரீஸ்' படத்தில் இளம் சே குவேரா ஆண்டீஸ் மலைத் தொடரைக் கடக்கும்போது ஒரு சிறு தந்தி வாத்தியம் கூடவே நடந்து வருமே, நினைவிருக்கிறதா? 'ப்ரோக்பேக் மவுண்டன்' பார்த்தவர்களுக்கு அந்த ஒற்றைக் கிதார் மறந்திருக்காது. வீட்டில் கணினி விளையாட்டுப் பித்துப் பிடித்த பிள்ளைகள் இருந்தால் 'தி லாஸ்ட் ஆஃப் அஸ்' என்ற பெயர் காதில் விழுந்திருக்கும். இந்த மூன்றுக்கும் இசை ஒருவரே: ஆர்ஜென்டீனாவின் குஸ்தாவோ சாந்தாவோலாயா. அடுத்தடுத்த இரண்டு ஆண்டுகளில் இரண்டு ஆஸ்கர் வாங்கியவர். அதற்கு முன்னால் அவர் ஒரு ராக் குழுவின் பாடகர் என்பது ஆர்ஜென்டீனாவுக்கு வெளியே பலருக்கும் தெரியாத செய்தி.

பூயனஸ் அயர்ஸுக்கு மேற்கே எல் பலோமார் என்ற புறநகர்ப் பகுதியில், 1951 ஆகஸ்ட் 19 அன்று பிறந்தார். ஐந்து வயதில் கிதார் கைக்கு வந்துவிட்டது. பத்து வயது வாக்கில், பாடம் சொல்லித் தந்த ஆசிரியை அம்மாவைக் கூப்பிட்டு, இந்தப் பையனின் காது என் பாடத்தைவிடப் பலமானது, இனி என்னால் ஆகாது என்று கைவிரித்துவிட்டார். இதைப் பேட்டிகளில் அவரே சிரித்துக்கொண்டு சொல்வார். விளைவு, இசைக்குறிப்பைப் படிக்கவோ எழுதவோ அவர் கற்கவே இல்லை. இன்றுவரை தெரியாது. ஹாலிவுட்டில் நூறு பேர் கொண்ட இசைக்குழுவுக்குத் தாள் தாளாக எழுதித் தள்ளும் மேதைகள் நடுவே, காதை மட்டும் நம்பி உள்ளே போனவர் இவர்.

சிறு வயதில் பாதிரியார் ஆகவேண்டும் என்பதுதான் ஆசை. பதினோரு வயதில் அந்த நம்பிக்கை ஆட்டம் கண்டது. தேவாலயத்தை விட்டு விலகினார். ஆனால் தேடல் விலகவில்லை. 1967இல் நண்பர்களோடு 'ஆர்கோ ஈரிஸ்' என்ற குழுவைத் தொடங்கினார். வானவில் என்று பொருள். ஆர்ஜென்டீன இளைஞர்கள் பீட்டில்ஸைக் கேட்டுவிட்டு, இதை ஏன் நம் மொழியில் பாடக்கூடாது என்று கேட்கத் தொடங்கியிருந்த காலம் அது. லாஸ் காட்டோஸ், அல்மேந்திரா, மனால் என்று குழுக்கள் ஸ்பானிய மொழியில் ராக் பாடத் தொடங்கின. ஆர்கோ ஈரிஸ் இன்னொரு படி போனது. மின்கிதாரோடு கிராமத்துத் தாளங்களையும் ஆண்டீஸ் மலைக் கருவிகளையும் கொண்டுவந்தது. அரா டோகட்லியன் புல்லாங்குழலும் சாக்ஸபோனும் ஊத, கியெர்மோ போர்தாரம்பே பாஸ் கிதார் வாசிக்க, சாந்தாவோலாயா பாடினார். 1972இல் இரட்டை இசைத்தட்டாக ஒரு முழு நீள ராக் இசைநாடகம் வெளியிட்டார்கள். தென் அமெரிக்கா விடியலுக்குத் திரும்புவதுதான் அதன் கரு. இன்று கேட்டால் நீளம் அதிகம், உபதேசமும் அதிகம் என்றே எனக்குப் படுகிறது. ஆனால் அந்தக் குரல்! உயர்ந்த, தெளிந்த, ஓரம் நடுங்காத குரல். அந்த ஆண்டுகளில் அவர் பாடிய 'மன்யானா காம்பெஸ்த்ரே' என்ற நாட்டுப்புறக் காலைப் பாட்டு ஆர்ஜென்டீனாவில் இன்றும் உயிரோடு இருக்கிறது.

குழுவின் வாழ்க்கை முறையைச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். ராக் என்றால் போதையும் கூத்தும் என்று உலகமே நினைத்த நேரத்தில், இவர்கள் ஒரே வீட்டில் துறவிகளைப் போல இருந்தார்கள். மாமிசம் கிடையாது, மது கிடையாது, போதை கிடையாது, பிரம்மசரியம் உண்டு. தானா என்ற பெண்மணி அவர்களுக்கு ஆன்மிக வழிகாட்டி. சுருக்கமாக, மின்கிதார் வைத்த ஆசிரமம். இருபதுகளின் நடுவில் இருந்த ஓர் இளைஞன் இதை எத்தனை காலம் தாங்குவான்? 1975இல் வெளியேறினார்.

அடுத்த ஆண்டு மார்ச் 24 அன்று ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. பின்வந்த ஏழு ஆண்டுகளில் காணாமல் போனவர்கள் 30,000 பேர் என்று மனித உரிமை அமைப்புகள் சொல்கின்றன. நீளமான முடியும் தோளில் கிதாரும் இருந்தாலே காவலர்கள் பிடித்துக்கொண்டு போவார்கள். சாந்தாவோலாயாவையும் அப்படிப் பலமுறை பிடித்தார்கள். 'சோலூனா' என்ற இன்னொரு குழுவைக் கட்டி ஓர் இசைத்தட்டு வெளியிட்டுப் பார்த்தார். மூச்சு முட்டியது. உலகக் கோப்பைக் கால்பந்தை ஆர்ஜென்டீனா தன் மண்ணிலேயே வென்று கொண்டாடிய 1978ஆம் ஆண்டில், அவர் ஊரை விட்டு லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போய்விட்டார்.

அங்கே அவரை யாருக்குத் தெரியும்? சொந்த நாட்டில் அரங்கு நிறையக் கூட்டம் சேர்த்தவர், அமெரிக்காவில் ஆங்கிலம் தட்டுத் தடுமாறும் இன்னொரு குடியேறி. 'க்ரூசிஸ்' என்ற ஆர்ஜென்டீனக் குழுவில் கீபோர்டு வாசித்த அனீபால் கெர்பெல்லோடு சேர்ந்து, 'வெட் பிக்னிக்' என்ற பெயரில் அந்நாளைய நியூ வேவ் பாணியில் வாசித்தார். பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. ஆனால் கெர்பெல் கிடைத்தாரே, அது போதும். அந்தக் கூட்டு பல பத்தாண்டுகள் நீடித்தது. பிற்காலத்தில் அவர் தொட்ட இசைத்தட்டுகளில் பெரும்பாலானவற்றில் கெர்பெல்லின் கை இருக்கிறது.

நடுவில் பூயனஸ் அயர்ஸ் போய்த் தன் பெயரையே தலைப்பாக வைத்து முதல் தனி இசைத்தட்டைப் பதிவு செய்தார். அது வந்தது 1982இல். அந்த ஆண்டு நடந்த ஒரு விசித்திரத்தைச் சொல்லியாக வேண்டும். மால்வினாஸ் தீவுகளுக்காக, ஆங்கிலேயர் ஃபாக்லாந்து என்று அழைக்கும் அதே தீவுகளுக்காக, பிரிட்டனோடு போர் மூண்டதும் வானொலியில் ஆங்கிலப் பாட்டுகள் நின்றுபோயின. காலியான நேரத்தை நிரப்ப உள்ளூர் ராக் பாடல்களைத் தேடிப் போட்டார்கள். நேற்றுவரை முடியைப் பிடித்து இழுத்த அதே ஆட்சி, இன்று அந்த இளைஞர்களின் பாட்டை நாடு முழுக்கக் கேட்கவைத்தது. சர்வாதிகாரிகளுக்கு இசை புரிவதில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இனி நான் நிதானமாகச் சொல்ல விரும்பும் கட்டம். சாந்தாவோலாயாவின் வாழ்க்கையை எழுதுகிறவர்கள் ராக் பாடகர், பிறகு ஆஸ்கர் என்று தாவிவிடுகிறார்கள். நடுவில் கிட்டத்தட்ட இருபது ஆண்டுகள் கிடக்கின்றன. அந்த இருபது ஆண்டுகளில் அவர் செய்த வேலை, பெரும்பாலும் மற்றவர்கள் பாடுவதைக் கேட்பது.

லியோன் ஹியேகோ ஆர்ஜென்டீனாவின் மக்கள் பாடகர். கிதாரும் மௌத் ஆர்கனுமாக ஊர் ஊராகப் போய்ப் பாடியவர். அவருடைய இசைத்தட்டொன்றை 1981இல் சாந்தாவோலாயா உருவாக்கித் தந்திருந்தார். அந்த நட்பில் ஒரு திட்டம் முளைத்தது. நாட்டின் தென்கோடி ஊரான உஷுவாயாவில் தொடங்கி, வடக்கே பொலிவிய எல்லையில் இருக்கும் லா கியாகா வரை போவது. வழியில் இருக்கும் நாட்டுப்புறக் கலைஞர்களை அவர்கள் வாழும் இடத்திலேயே பதிவு செய்வது. கலைஞர்களைத் தலைநகரத்து ஸ்டுடியோவுக்கு வரவழைத்துக் கண்ணாடி அறைக்குள் நிற்கவைப்பதுதான் அதுவரை வழக்கம். இவர்கள் ஒலிப்பதிவுக் கருவிகளைத் தூக்கிக்கொண்டு கலைஞர்களின் வாசலுக்குப் போனார்கள். சந்தியாகோ தெல் எஸ்தேரோ மாநிலத்தில் வயலின் வாசித்துக் கிச்சுவா மொழியில் பாடிய சிக்ஸ்தோ பலவெசினோ அப்படிப் பதிவானவர்களில் ஒருவர். மலைநாட்டுப் பாடல்களை வாழ்நாளெல்லாம் சேகரித்த லேதா வல்லதாரெஸும் சேர்ந்துகொண்டார். ராணுவம் போய், 1983 டிசம்பரில் மக்களாட்சி திரும்பி, நாடு தன் முகத்தைத் தானே தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்த நேரம். 1985இல் அந்தப் பதிவுகள் 'உஷுவாயாவிலிருந்து லா கியாகா வரை' என்ற தலைப்பில் வெளிவரத் தொடங்கின. பயணத்தைப் படமெடுத்தவர் அலெஹாந்த்ரா பலாசியோஸ். பின்னாளில் சாந்தாவோலாயாவின் மனைவி.

அந்தப் பயணத்துக்காக அவர் ஒரு மெட்டு அமைத்தார். அதன் பெயரும் அதே ஊர்களின் பெயர்தான். அதை மறந்துவிடாதீர்கள், பின்னால் மறுபடி வரும்.

எண்பதுகளின் கடைசியில் அவர் பார்வை மெக்சிகோ பக்கம் திரும்பியது. இங்கே ஒரு விளக்கம். நம் ஊரில் தயாரிப்பாளர் என்றால் பணம் போடுகிறவர். ராக் உலகில் தயாரிப்பாளர் என்பவர் குழுவோடு ஸ்டுடியோவில் உட்கார்ந்து, எந்தப் பாட்டு வேண்டும், எது வேண்டாம், தாளம் எங்கே நிற்க வேண்டும், பாடகர் எந்த வரியில் குரலைத் தாழ்த்த வேண்டும் என்று கூடவே முடிவு செய்பவர். இசைத்தட்டின் இயக்குநர் என்று வைத்துக்கொள்ளுங்கள். கைஃபானெஸ், மால்தீதா வெசிந்தாத், மோலோடோவ், ஹூலியேட்டா வெனேகாஸ் என்று அவர் தொட்ட மெக்சிகோப் பெயர்களின் பட்டியல் நீளம். அதில் ஒன்றை மட்டும் கேட்க நேரம் இருக்கிறது என்றால் கஃபே டாகூபா குழு 1994இல் வெளியிட்ட 'ரே'யைக் கேளுங்கள். இருபது பாட்டுகள். ஒன்று வடமெக்சிகோ ஊர்வல வாத்தியம், அடுத்தது காதைக் கிழிக்கும் மெட்டல், அதற்கடுத்தது பழைய காதல் பாட்டு. இத்தனையும் ஒரே குழு, ஒரே மூச்சு. எல்லாவற்றையும் உள்ளே விட்டும் எதுவும் சிதறாமல் பார்த்துக்கொண்டதில் சாந்தாவோலாயாவின் பங்கு பெரிது.

கொலம்பியாவின் ஹுவானெஸ் கதையும் சேர்த்துச் சொல்ல வேண்டியது. அவரும் ஒரு ராக் குழுவின் பாடகராக இருந்து, குழுவை விட்டு, கையில் காசில்லாமல் லாஸ் ஏஞ்சலிஸில் கிடந்தவர். மாதிரிப் பதிவைக் கேட்டுவிட்டு அவரைத் தன் நிறுவனத்தில் சேர்த்துக்கொண்டார் சாந்தாவோலாயா. சில ஆண்டுகளிலேயே ஹுவானெஸின் 'லா கமீசா நெக்ரா' ஸ்பானியம் தெரியாத நாடுகளில்கூட ஒலித்தது. தான் பட்ட பாட்டை இன்னொருவர் படுவதைப் பார்த்து அடையாளம் கண்டுகொண்டார் என்றே நான் நினைக்கிறேன்.

இத்தனைக்கும் நடுவில் சொந்தப் பாட்டு என்ன ஆனது? 1995இல் 'காஸ்' என்று ஒரு தனி இசைத்தட்டு வந்தது. நல்ல தட்டு, உலகைப் புரட்டிப் போடவில்லை. புரட்டிப் போட்டது, அவர் வெளியிட நினைத்தே இராத ஒன்று.

ஆண்டீஸ் மலைப்பகுதியில் சராங்கோ என்று ஒரு சிறு வாத்தியம் உண்டு. ஐந்து ஜோடியாகப் பத்துத் தந்திகள். அந்தக் காலத்தில் ஆர்மடில்லோ என்ற விலங்கின் ஓட்டையே அதற்குக் குடமாக வைப்பார்கள், இப்போது மரம். அதையே பெரிதாக்கி, சுருதி தாழ்த்தி, பொலிவியாவில் உருவாக்கிய கருவி ரொன்ரோகோ. சராங்கோவின் துள்ளல் அதில் இருக்காது. மாறாக ஒரு முதிர்ந்த குரல் இருக்கும். சாந்தாவோலாயா மற்றவர்களின் இசைத்தட்டு வேலைகளுக்கு இடையே கிடைத்த நேரத்தில் இதைத் தனியே வாசித்துப் பதிவு செய்து வைத்துக்கொண்டே வந்தார். பத்து ஆண்டுகளுக்கும் மேல் இப்படி ஓடியது. யாருக்காகவும் இல்லை, எந்த நிறுவனமும் கேட்கவில்லை. சராங்கோ மேதை ஹைமே டோரெஸ் அதைக் கேட்டுவிட்டு, இதை ஏன் பெட்டிக்குள் பூட்டி வைத்திருக்கிறாய் என்று தூண்டினார். அரியேல் ராமிரெஸின் புகழ்பெற்ற 'மிசா கிரியோயா'வில் சராங்கோ வாசித்தவர் அவர். அவர் சொன்னால் மறுக்க முடியுமா? 1998இல் 'ரொன்ரோகோ' என்ற பெயரிலேயே தட்டு வந்தது. ஆர்கோ ஈரிஸில் நாம் கேட்ட உயர்ந்த குரலை ஒதுக்கி வைத்துவிட்டு, பத்துத் தந்திகளைப் பேசவிட்டிருந்தார்.

அடுத்த ஆண்டு இயக்குநர் மைக்கேல் மான், புகையிலை நிறுவனங்களின் ரகசியத்தை உடைத்த ஒருவரைப் பற்றிய 'தி இன்சைடர்' படத்தில், அந்தத் தட்டிலிருந்த 'இகுவாசு' என்ற துண்டை எடுத்துப் போட்டார். கதவு திறந்தது.

2000இல் 'அமோரெஸ் பெர்ரோஸ்'. இயக்குநர் அலெஹாந்த்ரோ கொன்சாலெஸ் இன்யாரிட்டு சினிமாவுக்கு வருமுன் மெக்சிகோ நகரில் வானொலி அறிவிப்பாளராக இருந்து ராக் பாட்டுகளைப் போட்டுக்கொண்டிருந்தவர். ஆகவே இருவரும் ஒரே தெருவிலிருந்து வந்தவர்கள் என்றே சொல்லலாம். நாய்ச்சண்டையும் கார் விபத்துமாக இரைச்சல் நிறைந்த படம் அது. சாந்தாவோலாயாவின் கிதார் அந்த இரைச்சலோடு போட்டி போடாது. எல்லாம் ஓய்ந்த பிறகு, இரண்டு மூன்று சுரங்களோடு மெல்ல உள்ளே வரும். பின்னர் இன்யாரிட்டுவின் '21 கிராம்ஸ்', 'பாபேல்', 'பியூட்டிஃபுல்' எல்லாவற்றிலும் அதே கூட்டு.

2004இல் வால்டர் சாலெஸ் இயக்கிய 'மோட்டார் சைக்கிள் டைரீஸ்'. சே குவேராவும் நண்பர் அல்பெர்தோ கிரனாதோவும் 1952இல் தென் அமெரிக்காவைச் சுற்றி வந்த கதை. முன்னே நினைவில் வைக்கச் சொன்னேனே அந்த மெட்டு, இங்கேதான் வருகிறது. ஹியேகோவோடு போன பயணத்துக்காக அமைத்தது, 'ரொன்ரோகோ' தட்டில் மறுபடி இடம்பெற்றது, கடைசியில் இன்னொரு பயணக் கதைக்குள் வந்து உட்கார்ந்தது. எழுதியபோது அவர் மனதில் எந்தப் படமும் இல்லை. இருந்தாலும் அந்தப் படத்துக்கென்றே பிறந்த மெட்டு என்று சத்தியம் செய்யத் தோன்றும். அந்தப் படத்தின் இசைக்கு பாஃப்டா விருது கிடைத்தது.

பிறகு ஆங் லீயின் 'ப்ரோக்பேக் மவுண்டன்'. நம் சினிமாவில் பாட்டுகளைப் படப்பிடிப்புக்கு முன்பே பதிவு செய்துவிடுவோம்; பின்னணி இசை மட்டும் படம் வெட்டி முடித்த பிறகு ரீ-ரெக்கார்டிங்கில் அமையும். ஹாலிவுட்டிலும் பின்னணி இசை கடைசி வேலைதான். சாந்தாவோலாயா இதைத் தலைகீழாகச் செய்தார். கதையைப் படித்துவிட்டு, ஒரு காட்சிகூட எடுக்கும் முன்பே பின்னணி இசையின் பெரும்பகுதியை வாசித்துக் கொடுத்துவிட்டார். படத்தில் இசை வரும் நேரமும் குறைவு. ஒரு கிதார், ஸ்டீல் கிதாரின் இழுப்பு, அடியில் கொஞ்சம் வயலின்கள். தங்கள் காதலை வாய்விட்டுச் சொல்ல முடியாத இரண்டு ஆடுமேய்ப்பவர்களின் கதைக்கு இதைவிட அதிகம் சேர்த்திருந்தால் பொய்யாகியிருக்கும். 2006 மார்ச் ஆஸ்கர் விழாவில் அவரோடு போட்டியில் இருந்தவர்களில் ஜான் வில்லியம்ஸ் ஒருவர், அதுவும் இரண்டு படங்களோடு. இசைக்குறிப்புப் படிக்கத் தெரியாதவர் விருதோடு இறங்கினார்.

மறு ஆண்டு 'பாபேல்' படத்துக்காக மீண்டும் அதே மேடை. மொராக்கோ, ஜப்பான், மெக்சிகோ, அமெரிக்கா என்று நான்கு நாடுகளில் நடக்கும் கதைகளை ஒரே ஒலியில் கட்ட வேண்டும். அரபு நாடுகளின் ஊத் என்ற தந்தி வாத்தியத்தை எடுத்துக்கொண்டு, அதைக் கற்றுத் தானே வாசித்தார். கிதாரின் மூதாதை போன்ற கருவி அது என்பதால் எல்லா ஊர்களிலும் பொருந்தியது. இந்த இரண்டாவது ஆஸ்கரைப் பற்றி எனக்கு ஒரு சின்ன மனத்தாங்கல் உண்டு. 'பாபேல்' படத்தின் கடைசிக் காட்சியில் நெஞ்சை அடைக்கும் இசை ஜப்பானின் ரியூய்ச்சி சகாமோட்டோவுடையது. விருதுக்குழுவினர் மனதில் அதுவும் கொஞ்சம் வேலை செய்திருக்கும். சாந்தாவோலாயாவின் உச்சம் எனக்கு முந்தைய படம்தான். எப்படியோ, 2006, 2007 என்று அவர் வாங்கிய அந்த விருதை 2009இல் நம் ரஹ்மான் வாங்கினார் என்பதில் நமக்கும் ஒரு கணக்கு இருக்கிறது.

நம் நாட்டோடு அவருக்கு நேரடி உறவும் உண்டு. கிரண் ராவ் இயக்கி, 2011 ஜனவரியில் இங்கே திரைக்கு வந்த 'தோபி காட்' படத்துக்கு இசை சாந்தாவோலாயா. மும்பையில் நான்கு பேரின் வாழ்க்கை உரசிப் போகும் கதை. ஆடல் பாடல் இல்லாத இந்திப் படம் என்பதாலோ என்னவோ, தமிழ்நாட்டில் அது வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை. மும்பை மழையைக் காட்டும் படத்துக்கு ஆர்ஜென்டீனாக்காரர் எதற்கு என்று அப்போது கேட்டவர்கள் உண்டு. பார்த்தால் விடை தெரியும். இந்தியா என்றதும் சித்தாரையும் தபலாவையும் வாரி இறைக்கும் வெளிநாட்டு ஆசை அவரிடம் இல்லை. அந்த நகரத்தின் தனிமைக்கு மட்டும் இசை தந்தார்.

2013இல் வந்தது 'தி லாஸ்ட் ஆஃப் அஸ்'. கணினி விளையாட்டுக்கு இசை என்றால் சுடு, ஓடு, வெடி என்று அதிரும் இசைதான் என்று நினைத்திருந்த எனக்கு, வீட்டு இளசுகள் கேட்கவைத்தபோது வியப்பாக இருந்தது. உலகம் அழிந்த பிறகு ஒரு நடுவயதுக்காரரும் ஒரு சிறுமியும் நடந்து போகும் கதை. அதே ரொன்ரோகோ. கூடவே சுருதி கலைந்த ஒரு பழைய கிதார். ஒலி வேறுபடுவதற்காகக் குளியலறையிலும் சமையலறையிலும்கூட உட்கார்ந்து வாசித்துப் பதிவு செய்தார். 2020இல் வந்த இரண்டாம் பாகத்தில் பாஞ்சோ வாசிக்கும் கிழவராக அவர் உருவமே விளையாட்டுக்குள் வந்து போகிறது. 2023இல் எச்.பி.ஓ. அதைத் தொடராக எடுத்தபோதும் தொடக்க இசையை மாற்றத் துணியவில்லை. அறுபது வயதைத் தாண்டிய ஒருவருக்குப் பதினைந்து வயது ரசிகர்கள் கிடைத்த கதை இது. எத்தனை இசையமைப்பாளர்களுக்கு வாய்க்கும்?

இடையில் உருகுவேக்காரர் ஹுவான் கம்போதோனிகோவோடு சேர்ந்து டாங்கோவையும் மின்னிசையையும் கலந்த 'பாஹோஃபோண்டோ' குழுவை நடத்தினார். அதைவிட எனக்குப் பிடித்தது, முதுமையில் மறக்கப்பட்டுக் கிடந்த டாங்கோ மேதைகளைத் தேடிப் பிடித்துப் பதிவு செய்த 'கஃபே தே லோஸ் மாயெஸ்த்ரோஸ்'. அதே பழக்கம்தான் பாருங்கள். மறுபடியும் கருவியை எடுத்துக்கொண்டு மற்றவர்களைக் கேட்கப் போய்விட்டார்.

குறை இல்லாத மனிதர் என்று சொல்ல வரவில்லை. பல படங்களில் அவர் இசை ஒன்றுபோலவே இருக்கிறது என்பவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு. மெதுவாக மீட்டிய நான்கு சுரம், நீண்ட இடைவெளி, மறுபடி நான்கு சுரம் என்ற வழியை அவர் சில சமயம் சோம்பலாகவும் பயன்படுத்தியிருக்கிறார். லத்தீன் அமெரிக்க ராக் வரலாற்றைச் சொல்லும் 'ரோம்பான் தோதோ' என்ற ஆவணத் தொடர் 2020இல் நெட்ஃபிளிக்ஸில் வந்தது. தயாரிப்பில் அவர் பெயரும் உண்டு. அதில் அவரும் அவர் உருவாக்கிய குழுக்களும் திரும்பத் திரும்ப வருவதையும், பல முக்கியப் பெயர்கள் விடுபட்டதையும் லத்தீன் அமெரிக்கப் பத்திரிகைகள் விளாசின. விளாசியது சரி. வாழ்நாளெல்லாம் மற்றவர்களைக் கேட்டவர், வரலாறு சொல்ல வந்தபோது தன் குரலைக் கொஞ்சம் அதிகமாகவே கேட்கவைத்துவிட்டார்.

மறுபடி பாடவும் வந்தார். தன் பழைய பாட்டுகளை, ஆர்கோ ஈரிஸ் காலத்திலிருந்து, மேடையில் பாடி 2017இல் 'ரகோன்தோ' என்று வெளியிட்டார். குரல் தடித்திருக்கிறது, உச்சங்கள் முன்போல எட்டவில்லை. ஆனால் இருபது வயதில் ஓடிய இடத்தில் இப்போது நிற்கிறார். அந்த நிற்றலைத் திரைப்பட இசைதான் கற்றுக் கொடுத்திருக்கும்.

எனக்கு இவரைப் பற்றிச் சொல்ல இருப்பது இவ்வளவுதான்: இவர் மூன்று முறை தொழில் மாறியதாகச் சொல்வது தவறு. ஹியேகோவோடு ஊர் ஊராகப் போனதும், மெக்சிகோ இளைஞர்களோடு ஸ்டுடியோவில் விழித்திருந்ததும், ஆங் லீயின் கதையைப் படித்துவிட்டு வாசித்ததும் ஒரே வேலை. பாடகர் குரலை ஒதுக்கி வைத்தார், காதை ஒருநாளும் ஒதுக்கவில்லை.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: முதலில் 'ரொன்ரோகோ'. ஒரு மணி நேரத்துக்கும் குறைவுதான். கைபேசியைத் தள்ளி வைத்துவிட்டுக் கேளுங்கள். அடுத்து 'மோட்டார் சைக்கிள் டைரீஸ்', முடிந்தால் 'தோபி காட்'. கடைசியாக ஆர்கோ ஈரிஸ். வரிசையை மாற்றி ராக் குழுவிலிருந்து தொடங்கினால் பாதியிலேயே அணைத்துவிடுவீர்கள் என்று பயப்படுகிறேன்.

சிறப்பிதழின் மற்ற பக்கங்கள் உங்களுக்காகக் காத்திருக்கின்றன. படித்துவிட்டு வழக்கம்போல எழுதுங்கள். பாராட்டைவிடச் சண்டைக் கடிதங்களுக்கு அடுத்த இதழில் முன்னிடம் உண்டு. கூடவே ஒரு வேண்டுகோள்: உங்கள் ஊரில் கோயில் வாசலிலோ வயல் வரப்பிலோ பழைய பாட்டுகளைப் பாடும் பெரியவர் யாரேனும் இருந்தால், அவர் சம்மதத்தோடு கைபேசியில் பதிவு செய்து எங்களுக்கு அனுப்புங்கள். வருவதைத் தொகுத்து வெளியிட நாங்கள் தயார்.

அன்புடன்,
ஆசிரியர்